ரோஸி ஏன் நாகர்கோவிலில் ராஜம்மாளாக வாழ்ந்தார்?

2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் தன் முகப்பில் பி.கே. ரோஸியின் ஓவியத்தை வைத்தது. மலையாள சினிமாவின் முதல் கதாநாயகிக்கு அன்று 120வது பிறந்தநாள். ஒரு மாதம்கூட ஆகவில்லை, மார்ச் 6 அன்று நாகர்கோவிலில் தோள்சீலைப் போராட்டத்தின் 200வது ஆண்டு விழா நடந்தது. தமிழக முதல்வரும் கேரள முதல்வரும் ஒரே மேடையில் இருந்தார்கள். முதலாவது சினிமாச் செய்தியாகப் போயிற்று, இரண்டாவது அரசியல் செய்தியாகப் போயிற்று. என்னைக் கேட்டால் இரண்டும் ஒரே விஷயம். ஒரு பெண் எந்தத் துணியை எப்படி உடுத்தலாம் என்பதை மற்றவர்கள் தீர்மானித்த காலம் ஒன்று இந்த மண்ணில் இருந்தது. அதற்கு எதிரான போராட்டம் எழுந்ததும் நம் குமரி மாவட்டத்தில்தான். அதே காரணத்துக்காகத் திருவனந்தபுரத்தை விட்டு விரட்டப்பட்ட ரோஸி தன் மீதி வாழ்க்கையை வாழ்ந்து முடித்ததும் நம் நாகர்கோவிலில்தான்.

ரோஸியைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே வரிசையில் சொல்லிவிட்டுப் போகிறார்கள். தலித் பெண், ஒரே ஒரு படம், கல்லடி, தலைமறைவு. அதில் பொய் இல்லை. ஆனால் ஏன் அப்படி நடந்தது, ஏன் நாகர்கோவில், ஏன் அவ்வளவு நீண்ட மௌனம் என்று கேட்டால் பதில் சினிமாவுக்குள் கிடைக்காது. பழைய திருவிதாங்கூர் சமஸ்தானத்துக்குள் போய்த்தான் தேட வேண்டும்.

முதலில் படத்தை எடுத்தவர். ஜே.சி. டேனியல் நம் அகஸ்தீஸ்வரத்துக்காரர், நாடார் கிறிஸ்தவக் குடும்பம். இளம் வயதிலேயே களரியிலும் வாள்வீச்சிலும் ஈடுபாடு கொண்டு, 1915இல் அதைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு புத்தகமே எழுதியவர். அந்தக் கலையை ஊரெல்லாம் கொண்டுபோகச் சினிமாதான் வழி என்று தோன்றியிருக்கிறது. தொழில் கற்றுக்கொள்ளச் சென்னைக்குப் போனார், ஸ்டுடியோ வாசலைத் தாண்ட விடவில்லை. அப்புறம் பம்பாய்க்குப் போய், பிள்ளைகளுக்குச் சினிமா பற்றிப் பாடம் சொல்லித்தர வேண்டும், நான் ஒரு ஆசிரியர் என்று சொல்லி உள்ளே நுழைந்து பார்த்துவிட்டு வந்தார். நிலத்தை விற்றார். 1926இல் திருவனந்தபுரத்தின் பட்டம் பகுதியில் ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்ற பெயரில் ஸ்டுடியோ தொடங்கினார். இன்றைய கேரள எல்லைக்குள் எழுந்த முதல் சினிமா ஸ்டுடியோ அதுதான்.

அங்கே அவர் எழுதி, இயக்கி, கதாநாயகனாகவும் நடித்த படம் ‘விகதகுமாரன்’. அது 1928இல் வந்தது என்றுதான் நீண்டகாலம் எழுதிவந்தார்கள். பிற்பாடு கிடைத்த அச்சுச் சான்றுகளை வைத்துப் பார்த்தால் 1930 அக்டோபர் 23 என்று ஆகிறது. கதை இதுதான். திருவிதாங்கூரில் ஒரு பணக்கார வீட்டுப் பையனை பூதநாதன் என்ற வில்லன் கடத்தி இலங்கைக்குக் கொண்டுபோய்விடுகிறான். பையன் தோட்டத் தொழிலாளியாக வளர்கிறான். தூரத்து உறவுக்காரனான ஜெயச்சந்திரன் இலங்கைக்குப் போன இடத்தில் அவனைச் சந்திக்கிறான். இருவரும் ஊர் திரும்புகிறார்கள். ஜெயச்சந்திரன் காதலிக்கும் சரோஜினிதான் காணாமல் போனவனின் தங்கை என்று கடைசியில் தெரிகிறது. ஜெயச்சந்திரனாக டேனியல், சரோஜினியாக ரோஸி, பூதநாதனாக ஜான்சன். இந்த ஜான்சனின் மகள்தான் பிற்காலத்தில் தமிழிலும் மலையாளத்திலும் கதாநாயகியாக வலம் வந்த பி.எஸ். சரோஜா.

இந்தக் கதையில் புராணம் கிடையாது. அதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ளக் கூடாது. 1913இல் தாதாசாகேப் பால்கே ‘ராஜா ஹரிச்சந்திரா’ எடுத்ததிலிருந்து இந்திய மௌனப்படம் என்றால் பெரும்பாலும் புராணம்தான். சென்னையில் நடராஜ முதலியார் எடுத்த முதல் தென்னிந்தியப் படமான ‘கீசக வதம்’ பாரதக் கதை. சனங்களுக்குத் தெரிந்த கதையாக இருந்தால் வசனம் இல்லாவிட்டாலும் புரியும் என்பது ஒரு காரணம். இன்னொரு காரணமும் இருக்கிறது என்று நினைக்கிறேன். புராணத்தில் நாயகி உடுத்துவது தெய்வத்தின் உடை. அது எந்தச் சாதிக்கும் சொந்தமில்லை, ஜரிகையும் கிரீடமும் யார் தலையில் இருந்தாலும் கும்பிடுவார்கள். டேனியல் எடுத்தது தன் காலத்துக் கதை, தன் ஊர்க் கதை. அதில் நாயகி ஒரு நாயர் வீட்டுப் பெண். அவள் கேரள உயர்சாதிப் பெண்கள் உடுத்தும் முண்டும் நேரியதும் (வேட்டியும் மேல்துணியும்) உடுத்தித் திரையில் வந்து நின்றால், முன் வரிசையில் இருக்கிறவர் வீட்டுப் பெண்ணைப் போலவே இருப்பாள். திரைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒரே துணி.

அந்தக் காலத்தில் நடிக்கப் பெண் கிடைப்பதே பெரும்பாடு. பால்கேயின் படத்தில் அரிச்சந்திரன் மனைவியாக நடித்தது ஆண், உணவகம் ஒன்றில் சமையல் வேலை செய்துகொண்டிருந்த அண்ணா சாலுங்கே. அதே 1913இல் வந்த ‘மோகினி பஸ்மாசூர்’ படத்தில்தான் துர்காபாய் காமத்தும் அவர் மகள் கமலாபாயும் நடித்து, பெண் வேடத்துக்குப் பெண் என்ற வழியைத் திறந்தார்கள். அதற்குப் பிறகும் ‘குடும்பப் பெண்கள்’ வரவில்லை. பம்பாயிலும் கல்கத்தாவிலும் ஆங்கிலோ இந்தியப் பெண்களும் யூதப் பெண்களும்தான் கதாநாயகிகள் ஆனார்கள். சுலோச்சனா என்ற பெயரில் நாடே கொண்டாடிய ரூபி மையர்ஸ் அதற்கு முன் டெலிபோன் ஆபரேட்டர். நம் பக்கத்தில் நாடகக் கம்பெனிகளில் ஸ்திரீ பார்ட் என்றால் மீசை முளைக்காத பையன்கள்தான். டி.கே. சண்முகம் ஒளவையாராக நடித்து ‘அவ்வை’ சண்முகம் என்றே பெயர் வாங்கியதை நாகர்கோவில்காரர்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

டேனியலும் முதலில் பம்பாயிலிருந்து லானா என்ற நடிகையை வரவழைத்தார். கேட்ட வசதிகள் இங்கே கட்டுப்படியாகவில்லை, அவர் திரும்பிப் போய்விட்டார். அப்புறம்தான் ரோஸி.

ரோஸியின் இயற்பெயர் ராஜம்மா. திருவனந்தபுரம் நந்தன்கோட்டில் ஒரு புலையர் குடும்பத்தில் பிறந்தவர். சின்ன வயதிலேயே அப்பா இறந்துவிட்டார். புல் அறுத்து விற்றுப் பிழைக்கும் வீடு. ஆனால் அவர் புல் அறுத்துக்கொண்டிருந்த இடத்திலிருந்து நேரே காமிரா முன்னால் வந்து நின்றவர் இல்லை. இதை அழுத்திச் சொல்ல வேண்டும். பரிதாபக் கதையாகச் சொல்லும் அவசரத்தில் பல பேர் இதை விட்டுவிடுகிறார்கள். ரோஸி ஏற்கெனவே ஒரு மேடைக் கலைஞர். காக்காரிசி நாடகத்தில் ஆடிப் பாடி நடித்துப் பழகியவர்.

காக்காரிசி நாடகம் தெற்குத் திருவிதாங்கூரின் சொந்தச் சரக்கு. சிவனும் பார்வதியும் கங்கையும் நாடோடிக் குறி சொல்லும் காக்கானாகவும் காக்காத்திகளாகவும் பூமிக்கு இறங்கி வருவார்கள். பாட்டில் பாதி தமிழ், பாதி மலையாளம், எது எங்கே முடிகிறது என்று பிரிக்க முடியாது. களியக்காவிளைக்கு இரண்டு பக்கமும் மக்கள் பேசுகிற பேச்சு அப்படித்தானே இருக்கிறது. நாடகத்தின் உயிர் காக்கானுக்கும் ஊர்ப் பிரபுவான தம்புரானுக்கும் நடக்கும் கேள்வி பதில். தம்புரான் அதிகாரத்தோடு கேட்பார். நீ யார், எங்கிருந்து வருகிறாய், எதற்கு வந்தாய். காக்கான் ஒவ்வொன்றுக்கும் குறும்பாக, சுற்றி வளைத்து, சில இடத்தில் நேரடியாகவே மடக்கிப் பதில் சொல்லுவான். கூட்டம் சிரிக்கும். வயலில் தலைநிமிர்ந்து பதில் பேச முடியாதவர்கள், மேடையில் தம்புரானை மடக்குகிற கலை அது. இதிலும் காக்காத்தி வேடம் வழக்கமாக ஆண்கள் கட்டுவதுதான். அங்கே ஒரு பெண் ஏறி ஆடியிருக்கிறாள் என்றால் அவளுக்கு மேடைப் பயம் இருந்திருக்காது. முகத்தாலும் கையாலும் கதை சொல்லத் தெரிந்திருக்கும். மௌனப்படத்துக்கு வேறென்ன வேண்டும்?

டேனியல் அவருக்கு ரோஸி என்று திரைப்பெயர் வைத்தார். டேனியலைப் பின்னாளில் சந்தித்தவர்கள் எழுதி வைத்த நினைவுகளில் ஒரு சின்ன விஷயம் வருகிறது. படப்பிடிப்புக்கு வரும்போது ரோஸி தன் மதியச் சோற்றைக் கையோடு கொண்டு வருவாராம். நடித்து முடித்துவிட்டுச் சாயந்தரம் மறுபடி வேலைக்குப் போய்விடுவாராம். பகல் முழுக்க வெயில் வெளிச்சத்தில் சரோஜினியாக நின்றவர், தன் சோற்றைத் தானே கொண்டுவந்து தின்றுவிட்டுப் போயிருக்கிறார். இந்த ஒரு விவரத்தை வைத்தே அவர் எப்படிப்பட்ட உலகத்திலிருந்து வந்தார் என்று புரிந்துகொள்ளலாம். அடுத்தவர் பாத்திரத்தைத் தொடலாமா என்ற கேள்வி எங்கேயும் எழுந்துவிடாதபடி நடந்துகொள்ளப் பழகியிருந்தவர்களின் உலகம் அது.

இப்போது துணி விஷயத்துக்கு வருகிறேன்.

தோள்சீலைப் போராட்டம் 1822 வாக்கில் கல்குளம் பகுதியில் வெடித்து, விட்டு விட்டு 1859 வரை நீண்டது. ரவிக்கை போட்ட, மேல்துணி போட்ட பெண்களைச் சந்தையிலும் ரோட்டிலும் வைத்துத் துணியைக் கிழித்தார்கள். கிறிஸ்தவ ஜெபக் கூடங்களும் பள்ளிக்கூடங்களும் எரிந்தன. கடைசியில் சென்னை கவர்னர் கொடுத்த நெருக்கடியில் 1859 ஜூலை 26 அன்று மகாராஜா உத்திரம் திருநாள் ஓர் அறிவிப்பு வெளியிட்டார். நாடார் பெண்கள் மார்பை மறைத்துக்கொள்ளலாம் என்றது அது. நாம் பள்ளிக்கூடத்தில் இந்த இடத்தோடு நிறுத்திவிடுகிறோம், போராட்டம் வென்றது என்று. ஆனால் அறிவிப்பில் இன்னொரு பகுதியும் இருந்தது. கிறிஸ்தவப் பெண்கள் போடுகிற குப்பாயம் என்ற சட்டை போடலாம், மீனவப் பெண்களைப் போல முரட்டுத் துணியைச் சுற்றிக்கொள்ளலாம், ஆனால் உயர்சாதிப் பெண்கள் உடுத்துவதைப் போல உடுத்தக் கூடாது.

அந்தக் கடைசி நிபந்தனைதான் இங்கே முக்கியம். மறைக்கலாம், ஆனால் எங்களைப் போலத் தெரியக் கூடாது. அரசு அறிவிப்பு ஒரு கட்டத்தில் பழைய காகிதமாகிவிடும். ஆனால் அதற்குள் இருந்த எண்ணம் அடுத்தடுத்த தலைமுறைக்கும் இறங்கியது. அதை மீறியவர்களுக்கு அடி விழுந்துகொண்டேதான் இருந்தது. 1915இல் கொல்லம் பக்கம் பெரிநாட்டில், புலையர் தலைவர் அய்யன்காளியின் இயக்கத்தின் அழைப்பை ஏற்றுப் புலையர் பெண்கள் கழுத்தில் கட்டாயமாகப் போட்டிருந்த கல்மாலைகளை அறுத்தெறிந்தபோது பெரும் கலவரமே நடந்தது. ரோஸிக்கு அப்போது பன்னிரண்டு வயது. அதே சமூகத்துப் பெண். அவர் வளர்ந்த காலத்தில் கழுத்தில் என்ன இருக்கிறது, தோளில் என்ன இருக்கிறது என்பதெல்லாம் உயிர் போகிற பிரச்சினை.

சரி, இந்தப் பின்னணியோடு கேபிடல் தியேட்டருக்கு வாருங்கள். திருவனந்தபுரத்தில் அந்தக் காலத்தில் பேர் பெற்ற வக்கீலான மள்ளூர் கோவிந்தப் பிள்ளை படத்தைத் தொடங்கி வைத்தார். தான் நடித்த படத்தின் முதல் காட்சியை ரோஸியால் அரங்கில் உட்கார்ந்து பார்க்க முடியவில்லை. புலையர் பெண் பக்கத்தில் உட்கார பிரமுகர்கள் தயாராக இல்லை. உள்ளே திரையில் சரோஜினி நாயர் பெண்ணாக நடந்து வருகிறாள். நாயகன் அவள் கூந்தலில் இருக்கும் பூவை எடுத்து முத்தமிடுகிறான். கூட்டம் கொதித்தது. கல் பறந்தது, திரை கிழிந்தது.

மௌனப்படத்தை அன்றைக்குப் பார்த்த விதத்தையும் நினைத்துப் பார்க்க வேண்டும். இடையிடையே எழுத்து அட்டைகள் வரும். எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்காகத் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று சத்தமாகக் கதை சொல்வார். நாயகி பேசி யாரும் கேட்கப்போவதில்லை. அவள் குரலோ பேச்சு வழக்கோ அவள் யார் என்று காட்டிக்கொடுக்க வழியே இல்லை. உடையும் உடம்பும் மட்டும்தான் திரையில். அந்த உடைக்குள் இருக்கும் பெண் யார் என்று ஊருக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தது. அதுதான் ரோஸிக்கு வினையாகிவிட்டது.

பெண் சினிமாவில் நடித்ததைப் பொறுக்காத பழமைவாதிகள் கல்லெறிந்தார்கள் என்று இதைச் சுருக்குகிறவர்கள் உண்டு. நான் அதை ஏற்க மாட்டேன். ஒப்பிட்டுப் பாருங்கள். 1933இல் திருவனந்தபுரத்தில் அடுத்த மௌனப்படம் ‘மார்த்தாண்ட வர்மா’ வந்தது. அதிலும் பெண்கள் நடித்தார்கள். அந்தப் படம் நின்றது கல்லெறியால் இல்லை, நாவலின் உரிமை பற்றிய வழக்கால். 1938இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்த முதல் மலையாளப் பேசும்படம் ‘பாலன்’. அதன் நாயகி எம்.கே. கமலத்தை யாரும் ஊரைவிட்டு விரட்டவில்லை. நம் பக்கத்தில் 1931இல் ‘காளிதாஸ்’ படத்தில் நடித்த டி.பி. ராஜலட்சுமியைச் சினிமா ராணி என்று தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடினார்கள். நடிகைகளைக் கேவலமாகப் பேசியது எல்லா ஊரிலும் நடந்தது. அது வேறு. ஆனால் உயிருக்குத் தப்பி ஓட வேண்டிய நிலை வந்தது இந்த ஒரு பெண்ணுக்குத்தான். வித்தியாசம் எங்கே இருக்கிறது என்று தனியாகச் சொல்ல வேண்டுமா?

தொல்லை தியேட்டரோடு முடியவில்லை. ரோஸியின் குடிசைக்குத் தீ வைத்தார்கள். அவர் தப்பி ஓடி ரோட்டில் வந்த ஒரு லாரியில் ஏறினார். அந்த லாரி நாகர்கோவில் போகிற லாரி.

இங்கே ஒன்றைத் திருத்த வேண்டியிருக்கிறது. ரோஸி தமிழ்நாட்டுக்குத் தப்பி ஓடினார் என்று பல இடங்களில் எழுதியிருக்கிறார்கள். அன்று நாகர்கோவில் தமிழ்நாட்டிலோ சென்னை மாகாணத்திலோ இல்லை. அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் திருவிதாங்கூர் ராஜாவின் கீழ்தான். நெய்யாற்றின்கரை, பாறசாலை, களியக்காவிளை, மார்த்தாண்டம், தக்கலை, நாகர்கோவில் என்று அந்த ரோடு முழுக்க ஒரே அரசாங்கம். நாஞ்சில் நாட்டு நெல் இல்லாமல் திருவனந்தபுரத்தில் உலை கொதிக்காது. நாகர்கோவிலின் கோட்டாறு சந்தைக்கும் திருவனந்தபுரத்தின் ‘சாலை’ சந்தைக்கும் இடையில் சரக்கு போய் வந்துகொண்டே இருக்கும் பாதை அது. இன்றைக்கு பஸ்ஸில் இரண்டு மணி நேரம்.

அப்படியென்றால் ரோஸி எந்த எல்லையையும் தாண்டவில்லை. அதே ராஜா, அதே சட்டம், அதே போலீஸ், அதே சாதி அடுக்கு. கோவில் நுழைவு அறிவிப்பே 1936இல்தான் வரப்போகிறது. எனவே நாகர்கோவில் என்ற ஊர் மட்டும் அவரைக் காப்பாற்றியிருக்க முடியாது. அவரைக் காப்பாற்றியது லாரியை ஓட்டி வந்த மனிதர். அவர் பெயர் கேசவ பிள்ளை, நாயர். ரோஸியை அவர் கல்யாணம் செய்துகொண்டார். அவர் குடும்பத்தில் அதற்கு எதிர்ப்பு இருந்தது. இருவரும் நாகர்கோவிலில் தனியாக வாழ்ந்தார்கள். ரோஸி மறைந்துபோனார், ராஜம்மாள் என்ற ஒரு நாயர் வீட்டுப் பெண் இருந்தார்.

திரையில் சில நிமிடம் நாயர் பெண்ணாகத் தெரிந்ததற்காக வீட்டை இழந்தவர், உயிர் பிழைக்க ஆயுள் முழுக்க நாயர் பெண்ணாகவே இருக்க வேண்டி வந்தது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனசு கனத்துப் போகிறது.

அவர் ஏன் கடைசிவரை வாய் திறக்கவில்லை என்று இன்றைய பிள்ளைகள் கேட்கலாம். காலம் மாறிவிட்டதே, இந்தியா சுதந்திரம் அடைந்துவிட்டதே, பிற்பாடாவது சொல்லியிருக்கலாமே என்று. அதற்கு மருமக்கள்வழி என்னவென்று தெரிய வேண்டும். கவிமணி பாட்டெழுதிச் சாடினாரே, நாஞ்சில் நாட்டில் வேளாளர் மத்தியில் இருந்த அதே முறைக்கு நாயர்களிடம் மருமக்கத்தாயம் என்று பெயர். பிள்ளைகள் தாயின் குடும்பத்தைச் சேர்ந்தவர்கள், தறவாடு என்ற கூட்டுக் குடும்பம் தாய்வழியில் வருவது. சொத்துச் சட்டங்கள் 1920களிலேயே மாறத் தொடங்கிவிட்டன. ஆனால் பிள்ளை யார் என்று கேட்டால் அம்மா யார் என்று பார்க்கிற பழக்கம் அவ்வளவு சீக்கிரம் போகாது. தந்தைவழிச் சமூகமாக இருந்தால் இன்னாரின் மகன் என்று அப்பா பெயரைச் சொல்லித் தப்பிக்கலாம். இங்கே முதல் கேள்வியே அம்மாவைப் பற்றித்தான் வரும். ராஜம்மாள் தன் பழைய பெயரை ஒருமுறை சொல்லியிருந்தால், பிள்ளைகள் நின்றுகொண்டிருந்த தரையே நழுவியிருக்கும். அவர் பிள்ளைகள் நாயர்களாகவே வளர்ந்தார்கள். அம்மாவின் சினிமா வாழ்க்கை அவர்களுக்குச் சரியாகத் தெரிந்திருக்கவில்லை. ஒரு தாய் பிள்ளைகளுக்காகக் கட்டிய சுவர் அது. அதைக் கோழைத்தனம் என்று யாராவது சொன்னால் என்னால் கேட்டுக்கொண்டிருக்க முடியாது.

டேனியலின் கதி இன்னொரு விதம். படம் தோற்றது, கடன் கழுத்தை நெரித்தது, காமிரா உள்பட எல்லாச் சாமான்களையும் விற்றார், ஸ்டுடியோ மூடப்பட்டது. பல் வைத்தியம் படித்துத் தமிழ்நாட்டு ஊர்களில் வைத்தியம் பார்த்துப் பிழைத்தார். நடிகர் பி.யு. சின்னப்பாவின் பழக்கத்தால் மறுபடி சினிமா ஆசை வந்து, கையிலிருந்ததையும் விட்டுவிட்டு, கடைசியில் அகஸ்தீஸ்வரத்துக்கே திரும்பினார்.

அதற்குள் 1956 நவம்பர் 1 வந்துவிட்டது. குமரி மாவட்டம் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. அந்த இணைப்புக்காக நம் ஆட்கள் சிந்திய ரத்தத்தை நான் குறைத்துப் பேசவில்லை. ஆனால் அதில் டேனியல் மாட்டிக்கொண்டார். பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் 1960களில் அவரைத் தேடிக் கண்டுபிடித்து, இவர்தான் மலையாள சினிமாவைத் தொடங்கியவர் என்று எழுதினார். நலிந்த கலைஞருக்கான உதவியைக் கேரள அரசிடம் கேட்டபோது, அவர் தமிழ்நாட்டில் இருக்கிறார், அங்கே கேளுங்கள் என்ற பதில் வந்தது. அவர் எடுத்ததோ மௌனப்படம். அதில் எந்த மொழியும் பேசவில்லை. எடுத்தபோது அவர் ஊரும் திருவனந்தபுரமும் ஒரே நாடு. 1975 ஏப்ரல் 27 அன்று அகஸ்தீஸ்வரத்தில் இறந்தார். கேரள அரசு தன் உயர்ந்த திரைப்பட விருதுக்கு அவர் பெயரை வைத்தது 1992இல்தான். அந்தப் படத்தின் இயக்குநர் அகஸ்தீஸ்வரத்திலும் நாயகி நாகர்கோவிலிலும், நடுவில் சுசீந்திரம் மட்டும் இருக்கும் ஒரு டவுன் பஸ் தூரத்தில் வாழ்ந்தார்கள்.

படம்? அதுவும் இல்லை. டேனியலின் இளைய மகன் பிற்காலத்தில் தானே வெளிப்படையாகச் சொன்னது இது. சின்னப் பையனாக இருந்தபோது வீட்டில் கிடந்த படச்சுருளை எடுத்துக் கொளுத்தி விளையாடியிருக்கிறார். அது எரிகிற அழகு அவருக்குப் பிடித்திருந்தது. அந்தக் காலத்துச் சுருள் நைட்ரேட்டில் செய்தது. பொறி பட்டால் போதும், குப்பென்று பிடித்துக்கொள்ளும், தண்ணீருக்குள் போட்டாலும் அணையாது. குழந்தையைக் குற்றம் சொல்ல என்ன இருக்கிறது? அதை ஒரு பொருட்டாக மதித்து வாங்கி வைக்க அன்று எந்த அரசும் எந்த நிறுவனமும் முன்வரவில்லை. இந்தியாவில் எடுக்கப்பட்ட 1300 சொச்சம் மௌனப்படங்களில் முப்பதுகூட இன்று மிஞ்சவில்லை.

மிஞ்சிய சிலவற்றில் ஒன்று, மேலே சொன்ன ‘மார்த்தாண்ட வர்மா’. அதைத் தயாரித்த ஆர். சுந்தர்ராஜும் நாகர்கோவில்காரர்தான், டேனியலின் உறவினர். சி.வி. ராமன் பிள்ளையின் நாவலைப் படமாக்கினார், பதிப்பகம் உரிமை கேட்டு நீதிமன்றம் போனது, படம் முடங்கியது. முடங்கிய பிரிண்ட் பதிப்பகத்தார் வசமே தங்கிவிட்டது. நாற்பது வருடம் கழித்து, 1974இல், தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதை மீட்டெடுத்தது. வழக்கில் சிக்கிய படம் பிழைத்துவிட்டது. வழக்கு இல்லாத ரோஸியின் படம் சாம்பலாகிவிட்டது. ரோஸி எப்படி நடித்தார், எப்படிச் சிரித்தார், பூவை எடுக்கும் காட்சியில் முகத்தை எந்தப் பக்கம் திருப்பினார் என்று பார்க்க இனி வழியில்லை. இவர்தான் என்று உறுதியாகச் சொல்ல ஒரு நல்ல போட்டோகூட நம்மிடம் இல்லை. கூகுள் வைத்ததும் ஓவியர் வரைந்த முகம்தான்.

இவ்வளவுக்கும் பிறகு ரோஸியின் பெயர் நம் காதுக்கு வந்து சேர்ந்திருக்கிறது என்றால் அது சிலரின் பிடிவாதம். திருவனந்தபுரத்தைச் சேர்ந்த தலித் எழுத்தாளர் குன்னுக்குழி எஸ். மணி 1970களிலிருந்தே அவரைத் தேடி எழுதிக்கொண்டிருந்தார். டேனியலைத் தேடிப் போனவர்கள் நாயகியைப் போகிற போக்கில் விட்டுவிட்டபோது, அவள் என்ன ஆனாள் என்று கேட்டவர் அவர். 2013இல் மலையாள இயக்குநர் கமல் (நடிகர் கமல்ஹாசன் அல்ல) எடுத்த ‘செல்லுலாயிட்’ படம் டேனியலையும் ரோஸியையும் பெருங்கூட்டத்துக்குக் கொண்டுபோனது. 2019இல் மலையாள சினிமாப் பெண்கள் கூட்டமைப்பு தன் திரைப்படச் சங்கத்துக்கு ரோஸி பெயரை வைத்தது. சென்னையில் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம் பி.கே. ரோஸி திரைப்பட விழா நடத்துகிறது.

திருவனந்தபுரம் செய்கிறது, சென்னை செய்கிறது. நம் மாவட்டத்துக்கும் இதில் பங்கு இருக்கிறது. தோள்சீலை பற்றிப் பாடம் நடத்தும் ஆசிரியர்கள் 1859இல் நிறுத்தாமல், அந்தக் கடைசி நிபந்தனையையும் படித்துக் காட்டி, எழுபது வருடம் கழித்துக் கேபிடல் தியேட்டரில் என்ன நடந்தது என்றும் சொல்லலாம். காக்காரிசி பாட்டுத் தெரிந்த பெரியவர்கள் களியக்காவிளை, பாறசாலைப் பக்கம் இன்னும் கிடைப்பார்கள், கல்லூரி மாணவர்கள் போன் கையுமாகப் போய்ப் பதிவு செய்யலாம். நாகர்கோவிலில் எண்பது தொண்ணூறு வயதில் இருப்பவர்களிடம் அந்தக் கால லாரி ஷெட்டுகள், கோட்டாறு சரக்கு வண்டிகள், டிரைவர் குடும்பங்கள் குடியிருந்த தெருக்கள் பற்றிக் கேட்கலாம். ராஜம்மாளின் குடும்பத்தாரைத் தொந்தரவு செய்யாமலே இதையெல்லாம் செய்ய முடியும். நாள் போகப் போக, கேட்டால் பதில் சொல்லத் தெரிந்தவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள்.